டீசல் வேனுக்கு ஸ்டேஜ் 1 ரீமேப்: சிங்கப்பூரில் எதற்குக் காசு கொடுக்கலாம், எதற்குக் கூடாது

காக்கி புக்கிட், ஊபி, சின் மிங் வட்டாரத்துப் பட்டறைகளில் டீசல் வேனுக்கு ‘ஸ்டேஜ் 1’ ரீமேப், அதாவது பாகம் எதையும் மாற்றாமல் இன்ஜின் கணினியின் (இசியூ) மென்பொருளை மட்டும் திருத்திச் சக்தி கூட்டும் வேலை, என்ன விலை என்று கேட்டால் பெரும்பாலும் இரண்டு எண்கள்தான் பதிலாக வரும்: குதிரைசக்தி இவ்வளவு கூடும், டார்க் (இழுவை விசை) இவ்வளவு கூடும். டீசலும் மிச்சமாகும் என்று கூடவே ஒரு வாய்மொழி வாக்கு. வண்டியை விட்டுவிட்டு டீ குடித்துத் திரும்பினால் வேலை முடிந்திருக்கும். விலை ஒன்றுபோல இருக்கும் இடங்களில்கூட வேலையின் தரம் மலைக்கும் மடுவுக்குமாக இருக்கிறது. எங்கள் தீர்ப்பை முதலிலேயே சொல்லிவிடுகிறோம்: இசியூவில் எழுதப்படும் ஃபைல் இந்த வேலையில் சிறு பங்குதான். எழுதுவதற்கு முன் இன்ஜினைச் சோதித்து, எழுதிய பிறகு ஓட்டி, சென்சார் அளவுகளைப் பதிந்து (லாக்) பார்க்கும் பட்டறைக்குக் காசு கொடுங்கள். அதைச் செய்யாத இடத்தில் பாதி விலைக்குக் கிடைத்தாலும் வேண்டாம்.

இந்த ஊரில் டீசல் ட்யூனிங் என்றால் பேச்சு வேனையும் சிறு லாரியையும் பற்றித்தான். புதிய டீசல் காருக்கும் டாக்சிக்கும் 2025 முதல் பதிவே கிடையாது. தெருவில் மிஞ்சி நிற்பவை டொயோட்டா ஹையேஸ், நிசான் என்வி350 போன்ற வேலைக்கார வண்டிகள். 3,500 கிலோவுக்கு மேற்படாத இலகு சரக்கு வண்டி விரைவுச்சாலையில் மணிக்கு 70 கிலோமீட்டருக்கு மேல் போகக் கூடாது. ஆகவே உச்ச வேகம் பற்றிய பேச்சை விட்டுவிடலாம். வேன்காரருக்குப் பயன் தெரிவது இரண்டு இடத்தில்: பாசிர் பாஞ்சாங் மொத்தச் சந்தையில் மூட்டைகளை ஏற்றிக்கொண்டு நின்ற நிலையிலிருந்து கிளம்பும்போது, பிறகு வண்டியே மாடிக்கு மாடி ஏறிப்போகும் தொழிற்கூடக் கட்டடத்தின் சரிவில் இரண்டாம் கியரில் ஏறும்போது. இரண்டும் ஏறக்குறைய 1,400 முதல் 2,400 ஆர்பிஎம் (இன்ஜின் நிமிடத்துக்கு எத்தனை முறை சுழல்கிறது என்ற எண்) வரையிலான சமாச்சாரம். 3,600 ஆர்பிஎம்மில் எத்தனை குதிரை கூடினாலும் அந்தச் சரிவில் அது கைகொடுக்காது. அதனால் விளம்பரத்தில் குதிரைசக்தியை மட்டும் பெரிதாகப் போட்டிருந்தால், 1,800-இலும் 2,200-இலும் டார்க் எவ்வளவு என்று கேளுங்கள். பதில் சொல்லத் தெரிந்தவர் வேலை தெரிந்தவர்.

பழைய 3.0 லிட்டர் ஹையேஸில் இருக்கும் 1கேடி இன்ஜின் 136 குதிரை, 300 நியூட்டன் மீட்டர். அதன் பிறகு வந்த 2.8 லிட்டர் 1ஜிடி இன்ஜின் 151 குதிரை, ஆனால் டார்க் அதே 300. இங்கேதான் விற்பவரின் பிரபலமான வசனம் வரும்: “அதே இன்ஜின் ஹைலக்ஸில் 450 இழுக்குது, உங்க வண்டியில 300-ல பூட்டி வச்சிருக்காங்க.” பாதி உண்மை. 2015-இல் வந்த ஹைலக்ஸில் ஆட்டோ கியருடன் 1ஜிடி 450 நியூட்டன் மீட்டர் தருவது சரிதான். ஆனால் ஹைலக்ஸில் இன்ஜின் முன்னால் காற்றுபடும் இடத்தில் உட்கார்ந்திருக்கிறது. ஹையேஸில் ஓட்டுநர் இருக்கைக்கு அடியில், சூடு வெளியேற வழி குறைந்த பெட்டிக்குள் இருக்கிறது. கிளட்ச், கியர்பாக்ஸ், பின் அச்சு எல்லாம் அந்த 300-ஐ மனத்தில் வைத்துத் தேர்ந்தெடுக்கப்பட்டவை. ஆரோக்கியமான வண்டியில் 340 முதல் 360 வரை, அதுவும் 1,800 ஆர்பிஎம்முக்குப் பிறகு மெதுவாக ஏறுவதுபோல வைத்தால், நாள் முழுக்கச் சரக்கு இழுக்கும் வேனுக்கு அது போதும். அதற்குமேல் தருகிறேன் என்பவர் உங்கள் கிளட்ச் தட்டின் ஆயுளிலிருந்து எடுத்துத் தருகிறார்.

ஃபைலுக்குள் என்ன மாறுகிறது என்று ஓரளவு தெரிந்திருந்தால் ஏமாற மாட்டீர்கள். டீசல் இசியூவில் ஆக்சிலரேட்டர் மிதி நேராக டீசலைத் திறப்பதில்லை. மிதியின் நிலையைப் பார்த்து எவ்வளவு டார்க் வேண்டும் என்று ஒரு மேப் (எண்கள் நிறைந்த அட்டவணை) முடிவு செய்கிறது. அதை டார்க் வரம்பு மேப் வெட்டுகிறது. பிறகு அந்த டார்க்குக்கு எத்தனை மில்லிகிராம் டீசல் என்று இன்னொரு மேப் மாற்றுகிறது. உள்ளே வந்த காற்றைப் பார்த்துப் புகை வரம்பு மேப் மறுபடி வெட்டுகிறது. கடைசியாக ஊசி (டீசலைப் பீய்ச்சும் இன்ஜெக்டர்) எப்போது திறக்க வேண்டும், எவ்வளவு நேரம், ரெயிலில் (ஊசிகளுக்கு டீசல் தரும் உயர் அழுத்தக் குழாயில்) என்ன அழுத்தம், டர்போ எவ்வளவு ஊத வேண்டும் என்பவை. இவை எல்லாம் ஒன்றோடொன்று பிணைந்தவை. ஒன்றைத் தூக்கினால் மற்றதையும் சரிசெய்ய வேண்டும்.

சோம்பேறி ஃபைலில் மிதி மேப்பை மட்டும் கூட்டியிருப்பார்கள். மிதியை 30 விழுக்காடு அழுத்தினால் முன்பு 50-க்குக் கிடைத்தது கிடைக்கும். வண்டி துடிப்பாகிவிட்டதுபோலத் தோன்றும், வாடிக்கையாளர் மகிழ்ந்து போவார். முழுதாக மிதித்துச் சரிவு ஏறினால் பழைய வண்டியேதான். இதைக் கண்டுபிடிப்பது எளிது: ஒரே சுமை, ஒரே சரிவு, ஒரே கியர், மிதியை அடிவரை அழுத்தி முன்னும் பின்னும் ஏறிப் பாருங்கள். அரை மிதியில் கிடைக்கும் வேகத்தை வைத்து எதையும் முடிவு செய்யாதீர்கள்.

புகை வரம்பைத் தொடும் வேலையில்தான் ட்யூனரின் நிதானம் தெரியும். ஒரு கிராம் டீசல் முழுதாக எரிய ஏறக்குறைய 14.5 கிராம் காற்று வேண்டும். டீசல் இன்ஜினில் அதற்கும் மேலே காற்று மிஞ்ச வேண்டும், இல்லையென்றால் கரும்புகை. அந்த மிச்சத்தை லாம்டா என்ற எண்ணால் சொல்கிறார்கள், 1.2-க்குக் கீழே போனால் கண்ணுக்குத் தெரியும் புகையை எதிர்பார்க்கலாம், வேலைக்கார வேனில் 1.25, 1.3-க்குக் கீழே விடாமல் இருப்பது நல்லது. ஒரு வெடிப்புக்கு 60 மில்லிகிராம் டீசல் என்று வைத்தால், லாம்டா 1.25-க்கு 60 பெருக்கல் 14.5 பெருக்கல் 1.25, அதாவது ஏறக்குறைய 1,090 மில்லிகிராம் காற்று அந்த சிலிண்டருக்குள் போயிருக்க வேண்டும். டர்போ இன்னும் சுழன்று எழாத 1,400 ஆர்பிஎம்மில் அவ்வளவு காற்று கிடைக்காது. அங்கேயும் டீசலைத் திணித்தால் கிளம்பும்போதெல்லாம் பின்னால் கறுப்பு மேகம்.

இந்த ஊரின் சூட்டையும் கணக்கில் சேர்க்க வேண்டும். வண்டி ஓடும்போது, டர்போவின் காற்றைக் குளிர்விக்கும் இன்டர்கூலரைத் தாண்டி வரும் காற்று 45 டிகிரி என்றால், உட்லண்ட்ஸ் சோதனைச்சாவடி வரிசையில் ஏசியோடு நின்று ஊர்ந்த பிறகு அது 75 வரை போகலாம். அந்த 30 டிகிரியில், அதே டர்போ அழுத்தத்தில், காற்றின் எடை ஏறக்குறைய 9 விழுக்காடு குறைந்துவிடும். குளிர்நாட்டில் சரிபார்த்து அனுப்பிய ஃபைல் இங்கே பிற்பகலில் புகைவதற்கு இதுவே முதல் காரணம். உள்வரும் காற்றின் வெப்பத்துக்கு ஏற்ப டீசலைக் குறைக்கும் மேப்பை அப்படியே விட்டுவைத்திருக்கிறீர்களா என்று கேளுங்கள். ‘அதை எடுத்துவிட்டோம், அப்போதுதான் எப்போதும் முழு சக்தி’ என்று பெருமையாகச் சொன்னால் சாவியைத் திருப்பி வாங்கிக்கொள்ளுங்கள்.

ரெயில் அழுத்தத்தைக் கூட்டுவது பற்றி எங்கள் கருத்து கறாரானது. ஓடித் தேய்ந்த வேனில் கூட்டவே கூடாது. ஊசி திறந்திருக்கும் நேரத்தைச் சற்று நீட்டியே தேவையான டீசலைக் கொடுக்கலாம். அழுத்தத்தை உச்சத்துக்கு ஏற்றினால் பம்ப், ஊசி முனை, ரெயில் பாதுகாப்பு வால்வு மூன்றும் சேர்ந்து சுமக்க வேண்டும். பாதுகாப்பு வால்வு ஒருமுறை திறந்துவிட்டால் பிறகு சரியாக மூடாமல் கசிவதும் உண்டு.

இப்போது முக்கியமான பகுதிக்கு வருவோம்: எழுதுவதற்கு முந்திய சோதனை. நல்ல பட்டறையின் அடையாளமே இதுதான். இதற்கு இரண்டு மணி நேரமாவது பிடிக்கும்.

முதலில் பிழைக் குறியீடுகள். அழித்துவிட்டு ஆரம்பிப்பது தவறு. படித்து, எழுதிவைத்து, காரணத்தைக் கண்டுபிடித்த பிறகே அழிக்க வேண்டும். பி0299 என்றால் டர்போ போதுமான அளவு ஊதவில்லை. பி0087 என்றால் ரெயிலில் அழுத்தம் போதவில்லை. இரண்டில் ஒன்று இருந்தாலும் அன்று ரீமேப் கிடையாது.

அடுத்து ஊசிகள். இன்ஜின் நன்றாகச் சூடான பிறகு, ஏசியை அணைத்து, ஐடிலில் (வண்டி நிற்க, மிதியை அழுத்தாமல் இன்ஜின் மட்டும் ஓடும்போது) நான்கு சிலிண்டருக்கும் இசியூ எவ்வளவு திருத்தம் கொடுக்கிறது என்று ஸ்கேனரில் பார்க்க வேண்டும். 1கேடியில் இருப்பது போன்ற டென்சோ நிறுவன ஊசி அமைப்பில் ஒரு சிலிண்டரின் திருத்தம் கூட்டலிலோ கழித்தலிலோ 3 கன மில்லிமீட்டரைத் தாண்டினால் அந்த ஊசி சந்தேகத்துக்குரியது. பிறகு ஊசிகளில் மிஞ்சும் டீசல் திரும்பிப் போகும் குழாய்களைக் கழற்றி நான்கு அளவு குப்பிகளில் விட்டு இன்ஜினை ஓடவிட வேண்டும். நான்கு குப்பியிலும் டீசல் ஏறக்குறைய ஒரே மட்டத்தில் ஏறினால் நிம்மதி. மூன்று ஒரு விரல் உயரத்தில் நிற்க, நான்காவது மட்டும் இரண்டு மடங்கு ஏறியிருந்தால் அந்த ஊசி உள்ளே தேய்ந்திருக்கிறது. அதன்மேல் ரீமேப் போட்டால், கூடுதல் டீசல் கேட்கும்போது ரெயில் அழுத்தம் சரிந்து வண்டி முடங்கும். ஓட்டுநர் ஃபைலைத் திட்டுவார், குற்றம் ஊசியுடையது.

1கேடி இன்ஜினுக்கே உரிய ஒரு நோய் உண்டு. ஊசிக்கு அடியில் இருக்கும் செப்பு வளையம் கசிந்தால், எரிந்த வாயு மேலேறி வால்வு மூடிக்குள் புகுந்து எண்ணெயைக் கரியாக்கும். அந்தக் கரி கீழே இறங்கி எண்ணெய்த் தொட்டியில் உள்ள உறிஞ்சு வடிகட்டியை அடைக்கும். எண்ணெய் அழுத்தம் குறைந்தால் முதலில் போவது டர்போ, பிறகு பேரிங். எண்ணெய் ஊற்றும் மூடியைத் திறந்து, உட்புறத்தில் கறுப்புப் பொருக்கு ஒட்டியிருக்கிறதா என்று விரலால் தடவிப் பார்ப்பதற்கு அரை நிமிடம் போதும். ஒட்டியிருந்தால் எண்ணெய்த் தொட்டியை இறக்கிப் பார்க்காமல் ஒரு நியூட்டன் மீட்டர்கூடக் கூட்டக் கூடாது.

காற்றுப் பாதையில் கசிவு இருக்கிறதா என்று அழுத்தக் காற்று விட்டுப் பார்க்க வேண்டும். இன்டர்கூலர் ரப்பர் குழாயின் கிளிப் அருகே எண்ணெய் ஈரமும் தூசும் படிந்திருந்தால் அங்கே ஓட்டை. புகைவாயுவில் ஒரு பகுதியை மறுபடி இன்ஜினுக்குள் அனுப்பும் இஜிஆர் வழியாக வந்த கரி உள்ளீட்டுக் குழாயை எவ்வளவு அடைத்திருக்கிறது, காற்றளவு சென்சார் அழுக்காக இருக்கிறதா, பம்பில் உள்ள டீசல் கட்டுப்பாட்டு வால்வு ஒட்டிக்கொள்கிறதா என்பதும் பார்க்க வேண்டியவை. கடைசியாகச் சொன்ன வால்வு ஒட்டினால் ஐடில் ஏறி இறங்கி அலைபாயும். பலர் அதை ‘டீசல் சரியில்லை’ என்று விட்டுவிடுகிறார்கள். கிளட்சுக்கு எளிய சோதனை: சுமையோடு, உயர் கியரில், குறைந்த ஆர்பிஎம்மிலிருந்து முழுதாக மிதித்தால் வேகம் ஏறாமல் ஆர்பிஎம் மட்டும் துள்ளுகிறதா என்று பாருங்கள். துள்ளினால் தட்டு ஏற்கெனவே வழுக்குகிறது.

இத்தனையும் செய்து பழுதுகளைச் சரிசெய்தாலே பல வேன்கள் பழைய இழுவைக்குத் திரும்பிவிடுகின்றன. ‘வண்டி இழுக்கவில்லை, ரீமேப் போடலாமா’ என்று வருகிறவர்களில் கணிசமானவர்களுக்குத் தேவைப்படுவது ஒரு புதிய டீசல் ஃபில்டரும், கழுவிய உள்ளீட்டுக் குழாயும், இறுக்கிய கிளிப்பும்தான். அதைச் சொல்லி ரீமேப் வேண்டாம் என்று அனுப்பிவைக்கும் பட்டறை கிடைத்தால் விடாதீர்கள், மற்ற வேலைக்கும் அங்கேயே போங்கள்.

படிப்பது, எழுதுவது பற்றிக் கொஞ்சம். வண்டி பேட்டரியை மட்டும் நம்பி எழுதக் கூடாது. 13.5 வோல்ட்டை ஆடாமல் தாங்கும் மின்வழங்கி இணைக்கப்பட்டிருக்க வேண்டும். எழுதும் நடுவில் வோல்ட் இறங்கினால் இசியூ பாதியில் நின்று உயிரற்ற பெட்டியாகிவிடும், பிறகு கழற்றித் திறந்துதான் எழுப்ப வேண்டும். ஓபிடி (ஸ்கேனர் செருகும் துளை) வழியாக இணைத்தவுடன் ‘படித்துவிட்டோம்’ என்பார்கள். பல இசியூக்களில், முக்கியமாக பாஷ் நிறுவனத்தின் இடிசி17 வகையில், ஓபிடி வழியே உள்ளிருப்பதை முழுதாகப் படிக்கவே முடியாதபடி பூட்டு இருக்கும். அப்போது கருவி உங்கள் இசியூவின் மென்பொருள் எண்ணை மட்டும் படித்து, அதற்கு இணையான ஃபைலைச் சேவையகத்திலிருந்து இறக்கிக் கொடுக்கும். பெரும்பாலும் சரியாகவே இருக்கும். ஆனால் உங்கள் வண்டிக்கு முந்திய உரிமையாளர் ஏதாவது செய்திருந்தால் அது தெரியவராது. பழைய வேன் வாங்கியவர்கள் முழுப் படிப்பை வற்புறுத்த வேண்டும். அதற்கு இசியூவைக் கழற்றி மேசையில் வைத்து இணைப்பார்கள், நேரம் கூடும், தகும். கள்ளப் பிரதிக் கருவிகளை வைத்து வேலை பார்க்கும் இடங்களும் உண்டு. செக்சம் (ஃபைலின் சரிபார்ப்பு எண்) தவறாக எழுதப்பட்டு வண்டி கிளம்பாமல் போவது அங்கேதான் அதிகம்.

இன்னொன்றும் கேட்க வேண்டும்: ஃபைலை யார் திருத்துகிறார்? பல பட்டறைகள் படித்ததை வெளிநாட்டுக்கு அனுப்பி, திருத்திய ஃபைலை வாங்கி எழுதுகின்றன. அதில் தவறில்லை, வெளிநாட்டில் கைதேர்ந்தவர்கள் இருக்கிறார்கள். சிக்கல் என்னவென்றால், அந்த ஃபைல் பூட்டப்பட்டு வரும். 2,000 ஆர்பிஎம்மில் கொஞ்சம் புகைகிறது, குறைத்துத் தாருங்கள் என்றால் இங்குள்ளவரால் ஒரு கட்டத்தைக்கூடத் தொட முடியாது. மறுபடி அனுப்பி வாங்கித் தருவாரா, அதற்குத் தனிக் கட்டணமா என்று முன்கூட்டியே பேசி எழுதிக்கொள்ளுங்கள். உள்ளூரில் தாமே திருத்தத் தெரிந்தவர் கிடைத்தால் கூடுதல் விலைக்கு அவரே மேல்.

எழுதிய பிறகு லாக். சாலையில் மூன்றாம் கியரில் 1,500-இலிருந்து 3,000 ஆர்பிஎம் வரை முழு மிதியில் ஓட்டி, கேட்ட ரெயில் அழுத்தம், கிடைத்த ரெயில் அழுத்தம், கேட்ட டர்போ அழுத்தம், கிடைத்தது, காற்றளவு, உள்வரும் காற்றின் வெப்பம் ஆகிய ஆறு வரிசையைப் பதிய வேண்டும். வேக வரம்புக்குள் அடங்காததை, ரோலர்மேல் ஓட்டி அளக்கும் டைனோ கருவியில்தான் செய்ய வேண்டும். ரெயிலில் கேட்டது 1,500 பார், கிடைத்தது 1,470 என்றால் கவலையில்லை. 1,380-இல் தேங்கி நின்றால் பம்போ ஃபில்டரோ ஊசியோ பின்தங்குகிறது. டர்போ கேட்டதைவிட எகிறிக் குதித்து மெல்ல இறங்கினால் அதன் இதழ்கள் கரியில் சிக்குகின்றன. இன்று லேசான குதிப்பு, ஒரு மாதத்தில் பி0234 என்று விளக்கெரிந்து வண்டி முடங்கும். டர்போவுக்கு முன்னால் புகைவாயு வெப்பத்தை அளக்கும் சென்சார் பல வேன்களில் இல்லை. அக்கறை உள்ள பட்டறை தற்காலிகமாகவாவது ஒன்றைப் பொருத்திப் பார்க்கும். 750 டிகிரிக்குள் நிலைத்தால் மனம் நிறைவு; 800-ஐத் தாண்டி நீடித்தால் டீசலைக் குறைக்கச் சொல்லுங்கள்.

டைனோ தாளை நம்பலாமா? முன்னும் பின்னும் ஒரே நாள், ஒரே ரோலர், ஒரே டயர் காற்று, ஒரே கியர், ஒரே திருத்தக் கணக்கு என்றால் வித்தியாசத்தை நம்பலாம். தனியாக ஒரு ‘பின்’ தாளை மட்டும் காட்டினால் அதற்கு மதிப்பில்லை. சரிபார்க்க ஒரு கணக்கு போதும்: டார்க்கை ஆர்பிஎம்மால் பெருக்கி 7,023-ஆல் வகுத்தால் குதிரைசக்தி வரும். 360 நியூட்டன் மீட்டர் 2,000 ஆர்பிஎம்மில் என்றால் 102 குதிரை. 300 ஆக இருந்தபோது 85. சரிவில் நீங்கள் உணரும் வேறுபாடு அந்த 17 குதிரைதான். தாளில் உள்ள இரண்டு கோடும் இந்தக் கணக்குக்கு ஒத்துவரவில்லை என்றால் அது அழகுக்காக வரைந்த தாள்.

இனி, வாங்கவே கூடாதவை. ஓபிடி துளையில் செருகினால் ‘தானாகவே கற்றுக்கொண்டு சக்தி கூட்டும்’ என்று இணையத்தில் விற்கும் மலிவு டப்பாவில் விளக்கு மின்னுவதைத் தவிர எதுவும் நடப்பதில்லை. ரெயில் அழுத்த சென்சாருக்கு இடையில் செருகும் பெட்டி வேறு ரகம். அது வேலை செய்யும், அதுதான் ஆபத்து. சென்சார் 0.5 முதல் 4.5 வோல்ட் வரை சொல்லும் உண்மையை அது குறைத்துச் சொல்கிறது. அழுத்தம் போதவில்லை என்று நம்பி இசியூ பம்பை மேலும் ஓட்டுகிறது. உண்மையான அழுத்தம் என்னவென்று இசியூவுக்கே தெரியாத நிலையில் அதன் பாதுகாப்பு ஏற்பாடுகள் எல்லாம் குருடாகிவிடுகின்றன. கழற்றிவிடலாம் என்பது மட்டுமே அதன் நல்ல குணம்.

டீசல் மிச்சம் பற்றி நேராகச் சொல்ல வேண்டும். 10, 15 விழுக்காடு என்ற விளம்பரத்தை நம்பி ரீமேப் போடாதீர்கள். தேக்கா, கேலாங் தெருக்களில் நின்று நின்று ஓடும் வேனில் பெரும்பங்கு டீசல் பிரேக்கிலும் ஐடிலிலும் ஏசியிலும் போகிறது. அதை எந்த ஃபைலும் மாற்றாது. கீழ் ஆர்பிஎம்மில் இழுவை கூடினால் ஓட்டுநர் சீக்கிரம் மேல் கியருக்குப் போகலாம், அதனால் சிறிது மிஞ்சலாம். டாஷ்போர்டில் தெரியும் சராசரியை ஆதாரமாகக் காட்டினால் ஏற்காதீர்கள்: அந்தத் திரை இசியூ தான் கொடுத்ததாக நினைக்கும் அளவைக் கணக்கிட்டுச் சொல்கிறது. ஊசி நேரத்தை நீட்டிய பிறகு அது உண்மையைவிடக் குறைத்தே காட்டக்கூடும். ஒரே பம்பில் முழுத் தொட்டி நிரப்பி, ஓடி, மறுபடி நிரப்பி, லிட்டரையும் கிலோமீட்டரையும் வகுப்பதுதான் அளவு. லிட்டருக்கு 20 காசு டீசல் வரி 2019 முதல் இருக்கும் ஊரில் ஒவ்வொரு லிட்டரும் முக்கியம் என்பதால்தான் இதை அழுத்திச் சொல்கிறோம்.

டிபிஎஃப் (புகைக்கரி வடிகட்டி), இஜிஆர் இரண்டையும் ‘ஆஃப்’ செய்து தருகிறோம் என்பவர்களிடம் பேச்சை வளர்க்க வேண்டாம். 2014 முதல் பதிவான புதிய டீசல் வண்டிகளுக்கு யூரோ 5, 2018 முதல் யூரோ 6 என்ற புகை அளவுகோல். வண்டி அந்தத் தரத்திலேயே இருந்தாக வேண்டும். வோக்ஸ்வேகன் விவகாரம் 2015-இல் வெடித்ததே புகைச் சோதனையை ஏமாற்ற இசியூ மென்பொருளில் செய்த தந்திரத்தால்தான். மென்பொருளை யாரும் பார்க்க மாட்டார்கள் என்ற காலம் போய்விட்டது. இங்கே ஆய்வு மையத்தில் டீசல் வண்டியை நிறுத்தி வைத்து மிதித்துப் பார்ப்பதோடு விடுவதில்லை. 2007 முதல் ரோலர்மேல் ஏற்றி, சுமை கொடுத்து, புகையின் அடர்த்தியை அளக்கிறார்கள். சுமையின் கீழ் புகைக்கும் ஃபைல் அங்கே மாட்டிக்கொள்ளும். பத்து வயதுக்கு உட்பட்ட சரக்கு வேனுக்கு ஆண்டுக்கு ஒருமுறை, அதற்குமேல் ஆறு மாதத்துக்கு ஒருமுறை ஆய்வு. ஒவ்வொரு முறையும் பழைய ஃபைலைப் போட்டுப் போய்வந்து மாற்றுவது என்பது தொழில் செய்கிறவருக்குக் கட்டுப்படியாகாத கூத்து. டிபிஎஃப் அடிக்கடி அடைக்கிறது என்றால் காரணம் வேறெங்கோ இருக்கிறது. குறுகிய தூர ஓட்டம், கசியும் ஊசி, வடிகட்டியில் சேர்ந்த சாம்பல் ஆகியவற்றைப் பாருங்கள். புகை கூட்டும் ரீமேப் அந்த வடிகட்டியை இன்னும் வேகமாக நிரப்பும். சூடேற்றிச் சுத்தம் செய்யும் சுற்று அடிக்கடி வந்தால் எரியாத டீசல் இன்ஜின் எண்ணெயில் கலந்து, அளவுக் கம்பியில் எண்ணெய் மட்டம் குறைவதற்குப் பதிலாக ஏறும்.

லாரி வைத்திருப்பவர்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. மணிக்கு 60 கிலோமீட்டருக்கு மேல் போகவிடாத வேகக் கட்டுப்பாட்டுக் கருவி 12,000 கிலோவுக்கு மேற்பட்ட லாரிகளுக்கு நெடுங்காலமாகவே கட்டாயம். இப்போது 3,500 கிலோவுக்கு மேற்பட்டவற்றுக்கும் நீட்டிக்கப்படுகிறது. ரீமேப்போடு சேர்த்து அதையும் தளர்த்தித் தருகிறேன் என்பவர் உங்கள் ஓட்டுநரைக் குற்றவாளியாக்குகிறார்.

ஆட்டோ கியர் வண்டியில் கூடுதல் கவனம் வேண்டும். எவ்வளவு டார்க் வருகிறது என்று இசியூ கியர்பாக்ஸுக்குச் சொல்லிக்கொண்டே இருக்கிறது. அதை வைத்துத்தான் உள்ளிருக்கும் கிளட்ச்களை எவ்வளவு அழுத்திப் பிடிப்பது என்று கியர்பாக்ஸ் முடிவு செய்கிறது. சில ட்யூனர்கள் டார்க் கணக்கை விட்டுவிட்டு டீசலை மட்டும் கூட்டுவார்கள். 300 என்று கியர்பாக்ஸுக்குச் செய்தி போகும், வருவது 370. பிடி போதாமல் கிளட்ச்கள் வழுக்கி, எண்ணெய் கருகி, சில மாதத்தில் கியர் மாறும்போது உதறும். ‘டார்க் மாடலையும் சேர்த்துத் திருத்துகிறீர்களா’ என்ற கேள்விக்குத் தயங்காமல் பதில் வர வேண்டும்.

சட்டம், காப்பீடு. செய்வதற்கு முன் நிலப் போக்குவரத்து ஆணையத்திடம் எழுத்தில் கேட்டு, பதிலைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். கடைக்காரர் ‘எல்லாரும் செய்யுறாங்க’ என்பது பதிலாகாது. காப்பீட்டு நிறுவனத்துக்கும் தெரிவியுங்கள், மறைத்தது விபத்துக்குப் பிறகு தெரிந்தால் இழப்பீடு சிக்கலாகும். உத்தரவாதக் காலத்தில் உள்ள வண்டிக்கு எங்கள் பரிந்துரை: வேண்டவே வேண்டாம். மென்பொருள் மாறினால் அதன் சரிபார்ப்பு எண்ணும் மாறும், முகவரின் ஸ்கேனரில் அது தெரியும். சர்வீஸின்போது அவர்கள் புதிய மென்பொருள் ஏற்றினால் நீங்கள் காசு கொடுத்த ஃபைலும் அதோடு போய்விடும்.

ஜோகூரில் மலிவாகச் செய்யலாமே என்பவர்களுக்கு: திறமைசாலிகள் அங்கே நிறையவே இருக்கிறார்கள். ஆனால் லாக் பார்த்துத் திருத்த இரண்டு மூன்று முறை போய்வர வேண்டியிருக்கும். வேலை நாளில் பாலத்தில் காத்திருக்கும் நேரத்தையும் அன்றைய டெலிவரி இழப்பையும் கூட்டிப் பார்த்தால் வித்தியாசம் கரைந்துவிடும்.

பட்டறையை விட்டுக் கிளம்பும்போது வாங்க வேண்டியவை: மூல ஃபைல், திருத்திய ஃபைல், முன்னும் பின்னும் எடுத்த லாக், ஊசிச் சோதனையின் எண்கள், இவை எல்லாம் ஒரு தம்ப் டிரைவில். மூல ஃபைலைத் தர மறுக்கும் இடத்தில் செய்யவே கூடாது. நாளை இசியூ பழுதாகி மாற்ற நேர்ந்தால் அது இல்லாமல் திண்டாட வேண்டும். முதல் ஆயிரம் கிலோமீட்டரில் கூலன்ட் மட்டம், எண்ணெய் மட்டம், கிளட்ச் மூன்றையும் வாரம் ஒருமுறை பாருங்கள். பிறகு மறுபடி ஒரு லாக். அதை விலைக்குள் சேர்த்துத் தரும் பட்டறைகள் உண்டு, பேசும்போதே கேட்டுவிடுங்கள். எண்ணெயை உற்பத்தியாளர் சொன்ன தூரத்துக்கு முன்பாகவே மாற்றுவது நல்லது.

சிஓஇ (வண்டி வைத்திருப்பதற்கான உரிமைச் சான்றிதழ்) முடிய இரண்டு ஆண்டுக்கும் குறைவாக உள்ள வேனுக்கு இந்தச் செலவு தேறாது. அந்தக் காசில் ஊசி வளையங்களை மாற்றி, உள்ளீட்டுக் குழாயைக் கழுவி, நல்ல டயர் போட்டு ஓட்டுங்கள்.